கை மட்டும் போதும்

பாராட்டு என்றால் எனக்குக் கால் தரையில் பாவாது. இதை முதலிலேயே ஒத்துக்கொண்டுவிடுகிறேன். அந்தத் திங்கட்கிழமை நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தால் பாதிப் பிரச்சினை அப்போதே வெளியே வந்திருக்காது. மீதிப் பாதி எப்படியும் வந்திருக்கும்.

மரக்காணத்தில் உப்பளத்தை ஒட்டி இருக்கிறது எங்கள் இருளர் குடியிருப்பு. நான் அங்கே பிறந்தவள். பாண்டிச்சேரியில் ஓவியம் படித்து, அங்கேயே ஓர் அறை எடுத்துத் தங்கி, சுவரில் படம் வரைவதும் கேமரா பிடிப்பதுமாகப் பிழைக்கிறேன். எங்கள் வாழ்க்கையை எங்கள் ஆட்களேதான் படம் எடுக்க வேண்டும், வெளியாள் எடுத்தால் எங்களைக் காட்சிப்பொருள் ஆக்கிவிடுவான் என்று மைக் கிடைத்த இடத்திலெல்லாம் பேசுகிறவள். மூன்று வருஷத்துக்கு முன்பு அப்படி ஒரு படமும் எடுத்தேன். கழுவெளிச் சதுப்புத் தண்ணீரில் பெண்கள் பறிக் கூடையைப் பல்லில் கவ்விக்கொண்டு கையால் தடவித் தடவி இறால் பிடிப்பது, மருந்துக்கு வேர் தோண்டுவது, எலி வளை வெட்டுவது, மாசிப் பௌர்ணமிக்குக் கடற்கரை மணலில் ஏழு படி கட்டிக் கன்னியம்மாவைக் கும்பிடுவது எல்லாம் அதில் உண்டு. பல ஊர்களில் போட்டார்கள். யூடியூபிலும் இருக்கிறது. ஓர் அருங்காட்சியகம் அதை நிரந்தரமாகத் தன் திரையில் ஓடவிடப் போவதாகக் கடிதம் எழுதியிருந்தது. அந்தக் கடிதத்தை எத்தனை பேரிடம் காட்டினேன் என்று கேட்காதீர்கள்.

திங்கட்கிழமை எங்கள் குடியிருப்புக்கு ஓர் அதிகாரி விசாரணைக்கு வந்தார். எதிர்வீட்டுப் பெண் பிளஸ் டூ முடித்து நர்சிங் படிக்க விண்ணப்பம் போட்டிருந்தாள். பழங்குடிச் சாதிச் சான்றிதழை வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஐந்து மணிக்குள் கம்ப்யூட்டரில் ஏற்ற வேண்டும். அந்த வீட்டில் அதுவரை யாருக்கும் சான்றிதழ் கிடையாது. அவள் அப்பா சின்ன வயதில் பெற்றவர்களோடு ஒரு ரைஸ் மில்லில் கொத்தடிமையாகக் கிடந்து, மீசை முளைத்த பிறகு மீண்டு வந்தவர். பள்ளிக்கூடத்துக்குள் கால் வைத்ததில்லை. அரசாங்கம் நம்புகிற மாதிரி ஒரு துண்டுக் காகிதம் அவரிடம் இல்லை. அவரை நான் அண்ணன் என்பேன், அவர் மனைவியை அண்ணி என்பேன். சொந்தம் இல்லை, முறை மட்டும்தான். ரத்த சொந்தமாக இருந்திருந்தால் என் சான்றிதழையே காட்டி வேலையை முடித்திருக்கலாம்.

அடுத்த வருஷம் பார்த்துக்கொள்ளலாம் என்று சொல்லும் நிலையில் அந்த வீடு இல்லை. அந்தப் பெண்ணின் வயதுக்காரிகள் இரண்டு பேர் ஏற்கெனவே உப்புக் கூடை சுமக்கப் போய்விட்டார்கள். ஒரு வருஷம் சும்மா உட்கார்ந்தால் மூன்றாவது ஆள் இவள்தான். இது அவளுக்கும் தெரியும், எங்கள் எல்லாருக்கும் தெரியும்.

புங்கமரத்தடியில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு அதிகாரியை உட்காரவைத்தோம். நான் அன்றைக்கென்று பாண்டியிலிருந்து வந்திருந்தேன். படித்தவள் ஒருத்தி கூட இருந்தால் நல்லது என்று அண்ணி கூப்பிட்டிருந்தாள். அதிகாரி கெட்டவர் இல்லை. அதட்டவில்லை, குடிக்கத் தண்ணீர் கொடுத்ததை வாங்கிக் குடித்தார். அதனால்தான் எனக்குக் கொஞ்சம் பயமாக இருந்தது. அதட்டுகிறவர்களிடம் எப்படிப் பேசுவது என்று எனக்குத் தெரியும்.

"எலி பிடிக்கத் தெரியுமா உனக்கு?" என்று அண்ணனைக் கேட்டார்.

"தெரியாது சார். உப்பு வாரத் தெரியும்."

"பாம்பு?"

"பாம்பப் பாத்தா நான் ஒதுங்கிப் போய்டுவேன் சார்."

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். அதிகாரி சிரிக்கவில்லை, ஏதோ எழுதினார். வீட்டுக்குள் எட்டிப் பார்த்தார். டிவி இருந்தது, வாசலில் பழைய பைக் இருந்தது. பெண்ணிடம் இரண்டு கேள்வி கேட்டார். அவள் தெளிவாக, நடுவில் இங்கிலீஷ் கலந்து பதில் சொன்னாள். "பொண்ணு நல்லாப் பேசுதே" என்றார். எந்தப் பெண்ணைப் பற்றிச் சொன்னாலும் அது பாராட்டு. அங்கே அது குறையாக விழுந்ததை நான் பார்த்தேன்.

"நான் சும்மா வரலை. இருளர்னா யாருன்னு பார்த்து, தெரிஞ்சுக்கிட்டுதான் வந்திருக்கேன்" என்று சொல்லி அவர் போனை எடுத்து ஒரு வீடியோவை ஓட்டினார். முதல் சத்தத்திலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. கழுவெளியில் தண்ணீர் அலம்பும் சத்தம். என் படம்.

"சார், அது நான் எடுத்தது!" என்றேன். முந்திரிக்கொட்டை என்று என் அம்மா என்னைத் திட்டுவது சும்மா இல்லை.

அவர் எழுந்து நின்று எனக்குக் கை கொடுத்தார். "அப்படியாம்மா! ரொம்ப ஒரிஜினலா எடுத்திருக்கீங்க. மூணு தடவை பார்த்தேன்" என்றார். எனக்கு முகமெல்லாம் சிரிப்பு. அண்ணிகூட என்னைப் பெருமையாகப் பார்த்தாள். நம்ம பிள்ளை எடுத்த படத்தைப் பார்த்துவிட்டுத்தான் வந்திருக்கிறார், இனி என்ன கவலை என்று அவள் நினைத்திருப்பாள். நானும் அப்படித்தான் நினைத்தேன்.

அதிகாரி உட்கார்ந்தார். "சரி, நீங்களே சொல்லுங்க. இந்தப் படத்துல இந்தக் குடும்பம் எங்க இருக்கு?"

எனக்குச் சிரிப்பு நின்றுவிட்டது. கடற்கரைப் பகுதி வரும்வரை வீடியோவைத் தள்ளச் சொன்னேன். ஏழாவது படியை இரண்டு கைகள் தட்டித் தட்டிக் கட்டுகிற இடம் வந்தது. "இந்தக் கை அவளோடதுதான் சார்."

அவர் அந்த இடத்தில் நிறுத்திப் பார்த்தார். பெண்ணின் கையையும் பார்த்தார். "கையை வச்சு நான் என்னம்மா பண்றது? படத்துல இருக்கறவங்க எப்படி இருக்காங்க, நீங்களே பாருங்க. இவங்க எப்படி இருக்காங்க, பாருங்க. எனக்குச் சந்தேகம் வருது, அதைத்தான் எழுத முடியும்."

சுற்றி இருந்தவர்கள் எல்லாரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். இவங்க எங்க ஆளுங்கதான் சார், காலங்காலமா இங்கதான் சார் என்றார்கள். "ஒருத்தருக்கு ஒருத்தர் நீங்க சொல்லிக்கத்தான் செய்வீங்க" என்றார் அவர். "சர்டிபிகேட்டுக்குன்னு இன்னைக்குச் சொல்றது வேணாம். அதுக்கு முன்னாடி உள்ளது ஏதாவது இருந்தா வியாழக்கிழமை ஆபீசுக்குக் கொண்டாங்க. இல்லைன்னா நிராகரிச்சு எழுதிடுவேன். பொண்ணு வேற கோட்டாவுல முயற்சி பண்ணட்டும்."

ஜீப் கிளம்பியதும் அண்ணி என் பக்கம் திரும்பினாள். "ஏம்மா, படம் புடிச்ச அன்னிக்கு நாங்கதான மொத ஆளா வந்து நின்னோம்? நீ எடுத்த படத்துல நாங்க ஏன் இல்ல?"

"எடிட்டிங்ல போயிடுச்சு அண்ணி. படம் ரொம்ப நீளமா இருந்துச்சு."

பொய் சொல்வதற்கு எனக்கு ஒரு நொடிகூட ஆகவில்லை. பெண் பைலை நெஞ்சோடு பிடித்தபடி என்னைப் பார்த்துக்கொண்டு நின்றாள். "எடுத்ததெல்லாம் என் ரூம்ல இருக்கு. தேடி எடுத்துட்டு வர்றேன்" என்று சொல்லிவிட்டு, யாருடைய முகத்தையும் பார்க்காமல் பஸ்ஸுக்கு நடந்தேன். வெயிலில் உப்புப் பாத்தியெல்லாம் கண்ணைக் கூசவைத்தன.

என்னிடம் இரண்டு ஹார்ட் டிஸ்க் இருந்தன. ஒன்றில் முடித்த படம். மற்றதில் எடுத்த எல்லாமும், வேண்டியதும் வேண்டாததும். அந்த இரண்டாவதைக் கம்ப்யூட்டரில் மாட்டினேன். டக் டக் என்று ஒரு சத்தம், பிறகு ஒன்றும் இல்லை. கேபிளை மாற்றினேன், கழற்றி மாட்டினேன், கடைசியில் கும்பிட்டுக்கூடப் பார்த்தேன். செவ்வாய்க்கிழமை காலையில் கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை திறக்கும் முன்பே அதன் வாசலில் நின்றேன். கடைக்காரர் காதில் வைத்துக் கேட்டுவிட்டு, "கீழ போட்டீங்களா?" என்றார். போட்டிருக்கிறேன். அறை மாறும்போது ஒரு தடவை. "நாளைக்கு வாங்க. கிடைச்சா கிடைக்கும், சொல்ல முடியாது."

என் தலைமுறையில் இருளர் பண்பாட்டின் மிகப் பெரிய பாதுகாவலர் என்று ஒரு பத்திரிகை என்னைப் பற்றி எழுதியிருந்தது. பாதுகாத்த லட்சணம் இது.

அன்றைக்கு அந்தப் பெண் மூன்று தடவை போன் செய்தாள். "அத்தை, கெடச்சுதா?"

"தேடிக்கினு இருக்கேன்மா."

"அப்பா வேலைக்குப் போவல அத்தை. சும்மா ஒக்காந்துனு இருக்காரு."

மூன்றாவது தடவை என்னால் போனை எடுக்க முடியவில்லை. அடித்து ஓயும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன்.

டிஸ்க் போனால் போகட்டும் என்று என் மனசின் ஒரு மூலை நினைத்தது என்பதையும் எழுதத்தான் வேண்டும். டிஸ்க் போனால் என் மேல் தப்பு இல்லை, இயந்திரத்தின் மேல் தப்பு. அதற்குள் என்ன இருக்கிறது என்று எனக்கு மறந்துவிட்டது என்று எழுத ஆசைதான். மறக்கவில்லை. எல்லாம் ஞாபகம் இருந்தது.

புதன்கிழமை மதியம் கடைக்காரர் வேறொரு டிஸ்க்கை நீட்டி, "முக்கால்வாசி வந்திருக்கு, உங்க லக்கைப் பாருங்க" என்றார். அறைக்கு வந்து கதவைச் சாத்திக்கொண்டு ஒவ்வொன்றாகத் திறந்தேன். சில திறக்கவில்லை. சிலவற்றில் பாதி சாம்பல் நிறம். 'வேண்டாதது' என்று நான் பெயர் வைத்த போல்டரில் அந்தக் காலை முழுசாக இருந்தது.

விடியற்காலைக் கடல். ஈர மணலில் ஆறு படி கட்டி முடித்திருக்கிறார்கள். பூ, பொரி, தேங்காய் எல்லாம் தாம்பாளத்தில் தயாராக இருக்கின்றன. எங்கள் குடியிருப்பில் ஒவ்வொரு படியும் ஒரு வீட்டுக்குச் சொந்தம். அந்தந்த வீட்டுக் கன்னிப் பெண்தான் அந்தந்தப் படியைக் கட்ட வேண்டும். ஏழாவது அண்ணன் வீட்டுப் படி. அதைக் கட்ட அந்தப் பெண் வந்து நிற்கிறாள், பள்ளிக்கூட யூனிபாரத்தில். கழுத்தில் அடையாள அட்டை. அன்றைக்குக் காலையில் அவளுக்குப் பிராக்டிகல் பரீட்சை. படியைக் கட்டி, கும்பிட்டுவிட்டு, அப்படியே பஸ் ஏற வேண்டும் என்று வந்திருந்தாள்.

திரைக்கு வெளியே இருந்து என் குரல் கேட்டது. கேமராவுக்குப் பக்கத்தில் இருந்ததால் மற்ற எல்லாக் குரலையும்விடச் சத்தமாக இருந்தது.

"யாரு அந்த யூனிபாரம்? தள்ளி நிக்கச் சொல்லுங்க. பிரேமே கெட்டுப்போவுது."

பூசாரி திரும்பி, கேமராவையே பார்த்துப் பேசுகிறார். "அவ தள்ளி நின்னா ஏழாம் படிய யாரும்மா கட்டறது? அது அவங்க வூட்டுப் படி. அவ அப்பன் வூட்டாளுங்க மில்லுல கெடந்த வருசமெல்லாம் நாங்க ஆறு படியோட நிறுத்திக்கினோம். வேற யாரும் அதுல கை வைக்கல. அவங்க திரும்பி வந்தப்புறந்தான் ஏழு ஆச்சு."

"சரி சரி. கை மட்டும் போதும். மூஞ்சி வேணாம். ஏம்மா, சட்டைக் கைய மேல மடிச்சுக்கோ, அந்தக் கார்டக் கழட்டு, மொகத்த அந்தாண்ட திருப்பிக்கினு கைய மட்டும் நீட்டு. அண்ணே, நீங்க சட்டையக் கழட்டிடுங்க."

"குளுருதும்மா" என்கிறார் அண்ணன்.

"அஞ்சு நிமிசந்தாண்ணே."

அவர் சட்டையைக் கழற்றுகிறார். அப்புறமும் அவரை நான் படத்தில் வைக்கவில்லை. கையில் வாட்ச் பட்டை வெள்ளையாகத் தழும்பு விட்டிருந்தது, அது கேமராவில் தெரிந்தது.

என் சொந்தச் சான்றிதழுக்காக என் அப்பா ஓர் அதிகாரியின் முன்னால் எலி பிடித்துக் காட்டினார். அப்போது எனக்குப் பத்து வயது. வரப்பில் மண்டி போட்டு, வளைக்குள் கையை விட்டு, வாலைப் பிடித்துத் தூக்கிக் காட்டி, "போதுமா சார்?" என்று அவர் கேட்டது இன்னமும் என் காதில் இருக்கிறது. அந்தக் கோபத்தில்தான் கேமராவைத் தொட்டேன் என்று பேட்டிகளில் சொல்வேன். பொய் இல்லை. ஆனால் அந்தக் கேமராவைத் தூக்கிக்கொண்டு போய் நானும் அதே பரீட்சையைத்தான் வைத்திருக்கிறேன். சட்டை போட்டவனுக்கு மார்க் இல்லை, யூனிபாரம் போட்டவளுக்கு மார்க் இல்லை. அந்த அதிகாரி என் படத்தைப் பார்த்துப் பாடம் படித்துவிட்டு வந்து அதே கேள்வியை அவர்களிடம் கேட்டிருக்கிறார். வெட்கத்தில் எனக்குக் காது சுட்டது. நாற்காலியை விட்டு எழுந்து அறைக்குள்ளேயே நடந்தேன்.

நடந்து முடித்து என்ன செய்தேன் என்கிறீர்கள்? திரும்ப உட்கார்ந்து சத்தத்தை எடுத்துவிட்டேன். பெண்ணின் முகம் தெரிகிறது, ஏழாவது படி தெரிகிறது, பூசாரி அவளைக் கை காட்டுவது தெரிகிறது. போதாதா? என் குரல் எதற்கு? ஒரு பட்டனை அழுத்தினால் கடல்கூடப் பேசாது. அந்த ஊமைத் துண்டைப் பென் டிரைவில் ஏற்றிக்கொண்டேன். கேட்டால் கொடுக்க வேண்டியிருக்குமோ என்று டிஸ்க்கையும் பையில் போட்டேன். எதற்குப் போட்டேன் என்று இப்போதும் எனக்குச் சரியாகச் சொல்லத் தெரியவில்லை.

வியாழக்கிழமை காலை பத்து மணிக்கெல்லாம் ஆபீஸ் வராந்தாவில் இருந்தோம். அண்ணன் கல்யாணத்துக்குப் போடுகிற வெள்ளைச் சட்டையைப் போட்டு வந்திருந்தார். சட்டையைப் பார்த்ததும், அதிகாரி என்ன நினைப்பாரோ என்று எனக்குள் ஓர் எண்ணம் ஓடியது. என்னை நானே செருப்பால் அடித்துக்கொள்ள வேண்டும் போல இருந்தது. அண்ணி கட்டிக் கொண்டுவந்த புளிச்சோற்றை யாரும் பிரிக்கவில்லை. அதிகாரி மீட்டிங்கில் இருக்கிறார் என்றார்கள். ஒரு மணி ஆனது, இரண்டு ஆனது. பெண் ஐந்து நிமிஷத்துக்கு ஒருமுறை போனில் மணி பார்த்தாள். "கெடச்சுதுன்னு சொன்னீங்களே அத்தை, நல்லாத் தெரியுதா?" என்றாள். "நல்லாத் தெரியுது" என்றேன்.

நான்கு மணிக்குக் கூப்பிட்டார்கள். நாங்கள் நாலு பேரும் உள்ளே போய் மேஜைக்கு முன்னால் நின்றோம். நான் பென் டிரைவை நீட்டினேன். அதிகாரி தன் மேஜைக் கம்ப்யூட்டரில் மாட்டி ஓட்டினார். குனிந்து பார்த்தார். பெண்ணின் முகத்தையும் திரையையும் மாறி மாறிப் பார்த்தார்.

"இந்தப் பொண்ணுதான், சரி. சின்ன வயசா இருக்கு, பழைய வீடியோதான், அதுவும் சரி. ஆனா கடற்கரைக்கு யாரு வேணும்னாலும் போய் நிக்கலாமே. இந்தப் பெரியவர் யாரு? என்ன சொல்றாரு?"

"எங்க பூசாரி சார்."

"அவரைக் கூட்டிட்டு வர முடியுமா?"

"போன மழைக்கு இறந்துட்டாரு சார்."

"சத்தம் ஏன் வரலை?"

நான் வாயைத் திறந்தேன். மைக் கெட்டுவிட்டது என்று சொல்ல வார்த்தை நாக்கில் தயாராக இருந்தது. திங்கட்கிழமை ஒரு நொடியில் பொய் சொன்ன அதே நாக்கு. அதிகாரி என்னையே பார்த்தார். "எடுத்துட்டீங்களா? எடிட் பண்ணதை நான் ஆதாரமா வைக்க முடியாதும்மா. நாளைக்கு யாராவது கேட்டா நான் மாட்டிப்பேன். எடுத்தது எடுத்த மாதிரி இருந்தா குடுங்க. இல்லைன்னா விடுங்க, நான் எழுதி முடிச்சிடறேன்."

அவர் பைலைப் பக்கத்தில் இழுத்துப் பேனாவின் மூடியைத் திறந்தார். அண்ணன் இரண்டு கையையும் கூப்பிக்கொண்டு நின்றார். எதைக் கும்பிடுகிறார் என்று அவருக்கே தெரிந்திருக்காது. பெண் என் பையைப் பார்த்தாள். அதற்குள் டிஸ்க் இருப்பது அவளுக்குத் தெரியாது. இன்னும் ஏதாவது வைத்திருப்பாள் அத்தை என்று பார்த்திருப்பாள்.

"இருக்கு சார்" என்றேன்.

டிஸ்க்கை எடுத்து மாட்டினேன். அதிகாரி உதவியாளரைக் கூப்பிட்டு ஸ்பீக்கர் சத்தத்தைக் கூட்டச் சொன்னார். அந்த அறை முழுக்க என் குரல் வந்தது.

யாரு அந்த யூனிபாரம்.

நான் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றேன். பூசாரியின் குரல் வந்தபோது அண்ணி "ஐயோ" என்று மெதுவாகச் சொன்னாள். போய்ச் சேர்ந்தவர் குரல் திடீரென்று கேட்டால் அப்படித்தான். ஆறு படியோடு நிறுத்திக்கொண்டோம் என்று அவர் சொன்ன இடத்தில் அதிகாரி நிறுத்தி, பின்னால் தள்ளி, இன்னொரு தடவை போட்டார். ஒவ்வொரு வார்த்தையாகக் காகிதத்தில் எழுதிக்கொண்டார். "இது போதும். சர்டிபிகேட்டை நினைச்சு அவர் இதைச் சொல்லலை" என்றார்.

நிறுத்துவார் என்று நினைத்தேன். நிறுத்தவில்லை. கை மட்டும் போதும், மூஞ்சி வேணாம் என்று நான் சொன்னதும் ஓடியது. அண்ணன் குளிருகிறது என்று சொன்னதும் ஓடியது. ஓடி முடிந்த பிறகு உதவியாளர் என்னைப் பார்க்காமல் வெளியே போனார்.

"ஏம்மா தள்ளி நிக்கச் சொன்னீங்க?" என்றார் அதிகாரி. குரலில் கோபம் இல்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ளக் கேட்டார்.

"பார்த்தா இருளர் மாதிரி இல்லைன்னு நினைச்சேன் சார்" என்றேன். "நீங்க திங்கட்கிழமை நினைச்ச மாதிரியே."

அவர் முகம் சிவந்தது. கொஞ்ச நேரம் பேனாவை உருட்டினார். பிறகு ஒரு வெள்ளைத் தாளை என் பக்கம் தள்ளினார். "உங்க படத்தை வச்சுதான் நான் சந்தேகம்னு எழுதினேன். அது இருக்கற வாழ்க்கையை அப்படியே எடுத்தது இல்லைன்னா, நீங்களே எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுங்க. பைல்ல வைக்கணும்."

எழுதினேன். இந்தப் படத்தில் வருகிறவர்களைச் சட்டை, வாட்ச், செருப்பு, போன் இல்லாமல் நான்தான் நிற்க வைத்தேன் என்று எழுதினேன். யூனிபாரம் அணிந்திருந்த காரணத்தால் இந்தப் பெண்ணை முகம் தெரியாமல் ஒதுக்கினேன் என்று எழுதினேன். இதில் காட்டியதை வைத்து யாரையும் இருளர் என்றோ இல்லை என்றோ முடிவு செய்யக் கூடாது என்று எழுதினேன். ஒன்றரைப் பக்கம் வந்தது. அதன் நகல் ஒன்றை அடுத்த வாரம் அந்த அருங்காட்சியகத்துக்கும் அனுப்பினேன். அங்கிருந்து இதுவரை பதில் இல்லை, நானும் கேட்கவில்லை.

சான்றிதழ் வெள்ளிக்கிழமை மதியம் மூன்றே காலுக்கு வந்தது. அந்தப் பெண் இப்போது நர்சிங் படிக்கிறாள். இதை இங்கேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அந்த அறையில் இன்னும் ஒன்று நடந்தது.

நான் எழுதிய தாளை அதிகாரி முழுசாகப் படித்துவிட்டு அவளிடம் கொடுத்தார். "இதுல இருக்கறது சரியா, பார்த்துச் சொல்லு. அன்னைக்கு என்ன நடந்துச்சு?"

அவள் நின்றபடியே படித்தாள். நேரம் எடுத்துக்கொண்டு படித்தாள். என்னைத் திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன், திட்டினால் நன்றாக இருக்கும் என்றுகூட நினைத்தேன்.

"சரிதான் சார்" என்றாள். "ஆனா ஒண்ணு இதுல இல்ல. மூஞ்சியத் திருப்பிக்கினு கட்டனதுல படி கோணலாப் போச்சு. கோணப் படி கன்னியம்மாவுக்கு ஆவாது. அத்தைல்லாம் போனப்புறம் நான் அதக் கலைச்சிட்டு, பாத்து நேராக் கட்டினேன். எங்க அம்மா தண்ணி மொண்டு ஊத்துச்சு. பூசாரி திரும்பத் தேங்கா ஒடைச்சாரு. சாமி அப்பதான் சார் வந்துச்சு. எனக்குத்தான் வந்துச்சு, யூனிபாரத்தோட. பரிச்சைக்கு அரமணி நேரம் லேட்டாப் போனேன்."

அது என்னிடம் இல்லை. எந்த டிஸ்க்கிலும் இல்லை. அந்த நேரத்தில் நான் கேமராவைப் பையில் போட்டுக்கொண்டு ரோட்டோரக் கடையில் டீ குடித்துக்கொண்டிருந்தேன்.